30 லட்சம் கடன், 62 லட்சம் கணக்கு: வீட்டுக்கடனின் நிஜ விலையைப் பார்ப்பது எப்படி?

என் மைத்துனர் மதுரையில் ஒரு பழைய தனி வீட்டை 40 லட்சத்துக்குப் பேசி முடித்திருந்தார். கையில் 10 லட்சம், மீதி 30 லட்சம் வங்கிக்கடன். 20 ஆண்டு, வட்டி 8.5 சதவீதம், மாதத் தவணை 26,035 ரூபாய். வங்கியில் கொடுத்த தவணை அட்டவணையை எடுத்துக்கொண்டு ஒரு ஞாயிற்றுக்கிழமை வீட்டுக்கு வந்தார். 60ஆவது வரியில் விரலை வைத்து, “மச்சான், இதுல ஏதோ தப்பா அடிச்சிருக்காங்க” என்றார்.

அந்த வரி 5 ஆண்டு முடியும் மாதம். அதுவரை அவர் கட்டியிருக்கப்போவது சுமார் 15 லட்சத்து 62 ஆயிரம். ஆனால் பாக்கி அசல் 26 லட்சத்து 44 ஆயிரம் என்றிருந்தது. “கால்வாசிக் காலம் கட்டியாச்சு, கால்வாசிக் கடன் கூடக் குறையலையே?”

அட்டவணையில் தப்பே இல்லை. 15.62 லட்சத்தில் அசலுக்குப் போனது 3.56 லட்சம் மட்டும், மீதி முழுக்க வட்டி. கடன் வாங்கும்போது நாம் எல்லோரும் “மாசம் எவ்வளவு வரும்?” என்றுதான் கேட்கிறோம். அசல் எந்த மாதம் எங்கே நிற்கும் என்று கேட்பதில்லை. வீட்டுக்கடனின் நிஜ விலை இந்த இரண்டாவது கேள்வியில்தான் இருக்கிறது. அன்று அவரோடு உட்கார்ந்து போட்ட கணக்கையே இங்கே படிப்படியாகத் தருகிறேன். ஒரு கால்குலேட்டரும் ஒரு தாளும் போதும்.

படி 1: தவணையை மாதங்களால் பெருக்குங்கள்

26,035 ரூபாயை 240 மாதத்தால் பெருக்கினால் 62 லட்சத்து 48 ஆயிரம். வாங்கியது 30 லட்சம், வட்டி மட்டும் 32.48 லட்சம். அசலைவிட வட்டி அதிகம். கையிலிருந்து போட்ட 10 லட்சத்தையும் சேர்த்தால், பத்திரச் செலவுக்கு முன்பே 40 லட்சம் வீடு 72.48 லட்சத்தில் நிற்கிறது. இந்த எண்ணை அட்டவணையின் மேலேயே பெரிதாக எழுதி வையுங்கள். இனி வரும் ஒவ்வொரு படியிலும் இது ஏறும் அல்லது இறங்கும்.

படி 2: முதல் மூன்று மாதத்தைக் கையால் போடுங்கள்

பாக்கி அசலை வட்டி விகிதத்தால் பெருக்கி 1200-ஆல் வகுத்தால் அந்த மாத வட்டி கிடைக்கும். 30 லட்சம் × 8.5 ÷ 1200 = 21,250 ரூபாய். தவணையில் இதைக் கழித்தால் 4,785 ரூபாய். முதல் மாதம் அசல் குறைவது இவ்வளவுதான்.

இரண்டாம் மாதம் பாக்கி 29,95,215. வட்டி 21,216, அசலுக்கு 4,819. மூன்றாம் மாதம் வட்டி 21,182, அசலுக்கு 4,853. மாதத்துக்கு முப்பத்து நான்கு ரூபாய் வீதம் அசல் பக்கம் நகர்கிறது. மாட்டு வண்டி வேகம்.

வட்டி மாறாமலே இருந்தாலும், தவணையில் பாதிக்கு மேல் அசலுக்குப் போகத் தொடங்குவது 143ஆவது மாதத்தில். அதாவது ஏறத்தாழ 12 ஆண்டு கழித்து. உங்கள் அட்டவணையில் அந்த வரியைத் தேடிப் பென்சிலால் கோடு போடுங்கள். அதுவரை நீங்கள் கட்டும் தவணையில் பெரும்பங்கு வட்டி.

இதில் வங்கியின் சூழ்ச்சி எதுவும் இல்லை. பாக்கி அசல் பெரிதாக இருக்கும்போது வட்டியும் பெரிதாகத்தான் இருக்கும். ஆனால் ஆறாம் ஆண்டிலோ ஏழாம் ஆண்டிலோ வீட்டை விற்க வேண்டி வந்தால், கடனை அடைத்தபின் கையில் என்ன மிஞ்சும் என்று கணக்கிட இந்த அட்டவணைதான் உதவும்.

படி 3: காலத்தை மாற்றிப் பாருங்கள்

அதே 30 லட்சம், அதே 8.5 சதவீதம்:

15 ஆண்டு: தவணை 29,542. மொத்த வட்டி 23.18 லட்சம்.
20 ஆண்டு: தவணை 26,035. மொத்த வட்டி 32.48 லட்சம்.
30 ஆண்டு: தவணை 23,067. மொத்த வட்டி 53.04 லட்சம்.

20-ஐ 30 ஆக்கினால் மாதம் 2,968 ரூபாய் மிச்சம். அதற்கு விலை 20 லட்சத்துக்கு மேல். 20-ஐ 15 ஆக்கினால் மாதம் 3,507 ரூபாய் கூடுதல், மிச்சம் 9 லட்சத்துக்கு மேல். “தவணை கம்மியா வர்ற மாதிரி போட்டுத் தர்றோம் சார்” என்று யாராவது சொன்னால், இந்த மூன்று வரிகளை நினைத்துக்கொள்ளுங்கள்.

படி 4: வட்டி ஏறினால் என்ன ஆகும் என்று சோதியுங்கள்

வங்கிகளில் இப்போது கிடைக்கும் வீட்டுக்கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டி கொண்டவை. 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் இவற்றை ரெப்போ (ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி விகிதம்) போன்ற வெளி அளவுகோலோடு இணைத்தே தருகின்றன. 2022 மே தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரியில் 6.5 சதவீதம் ஆனது. ஒரு ஆண்டுக்குள் இரண்டரைப் புள்ளி.

இது ஒரு குடும்பத்தை என்ன செய்யும்? ஒருவர் 6.75 சதவீதத்தில் 30 லட்சத்தை 20 ஆண்டுக்கு வாங்கினார் என்று வைத்துக்கொள்வோம். தவணை 22,811. ஓராண்டு கழித்துப் பாக்கி 29.27 லட்சம். அப்போது வட்டி 9.25 ஆகிவிட்டால் அந்த மாத வட்டியே 22,559 ரூபாய். அசலுக்கு மிஞ்சுவது 252 ரூபாய், ஒரு வேளை ஹோட்டல் சாப்பாட்டுக் காசு. தவணையை ஏற்றாமல் அப்படியே விட்டால், 19 ஆண்டில் முடிய வேண்டிய கடன் 49 ஆண்டு இழுக்கும். 19 ஆண்டிலேயே முடிக்க வேண்டுமானால் தவணை 27,300 ரூபாயாக வேண்டும்.

பலரும் ஏமாறும் இடம் இதுதான். வட்டி ஏறுகிறது, தவணை ஏறவில்லை, நமக்கு ஒன்றும் ஆகவில்லை என்று நினைக்கிறோம். கடனின் வால் மட்டும் சத்தமில்லாமல் நீண்டுகொண்டே போகிறது. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு விதி கொண்டுவந்தது. வட்டி மாறும்போது தவணையை ஏற்றுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கடன் வாங்கியவருக்குத் தர வேண்டும். தவணை அந்த மாத வட்டிக்கே போதாத நிலை வராமல் பார்த்துக்கொள்ள வேண்டும். வாய்ப்பு உங்களுடையது, ஆனால் வட்டி மாறியதாக வங்கியின் குறுஞ்செய்தி வந்ததும் அதைப் பயன்படுத்துவதும் உங்கள் பொறுப்பு.

கடன் வாங்கும் முன் ஒரு சோதனை: இன்றைய வட்டியோடு 2.5 சேர்த்துத் தவணை போடுங்கள். அதையும் கட்ட முடியும் என்றால் வாங்குங்கள். முடியாதென்றால் வீட்டின் விலையைக் குறைத்துத் தேடுங்கள்.

படி 5: கடனுக்கு வெளியே போகும் பணத்தை எழுதுங்கள்

தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 40 லட்சத்துக்கு 3.6 லட்சம். விலை, அரசின் வழிகாட்டி மதிப்பு இரண்டில் எது அதிகமோ அதற்குத்தான் இந்தக் கணக்கு. பொதுவாக வங்கி வீட்டின் மதிப்பில் பத்திரச் செலவைச் சேர்க்காது, எனவே இது உங்கள் கைப்பணம். கட்டி முடிக்காத அடுக்குமாடி வீடு என்றால் 5 சதவீதம் ஜி.எஸ்.டி. உண்டு, மலிவுவிலை வீட்டுக்கு 1 சதவீதம். நிறைவுச் சான்றிதழ் வாங்கிய பிறகு விற்கும் வீட்டுக்கு ஜி.எஸ்.டி. இல்லை.

வங்கியின் ப்ராசஸிங் கட்டணம், வழக்கறிஞரின் லீகல் ஒப்பீனியன், இன்ஜினியர் மதிப்பீடு, பத்திரத்தை வங்கியில் ஒப்படைப்பதற்கான ஆவணப் பதிவு எல்லாம் தனி. ஒவ்வொன்றும் சில்லறையாகத் தெரியும். வரிசையாக எழுதிக் கூட்டினால்தான் அளவு புரியும்.

இரண்டு செலவுகளை மட்டும் உற்றுப் பாருங்கள். ஒன்று, கடனோடு சேர்த்து விற்கும் காப்பீடு. ஒரே தடவைப் பிரீமியம் 90,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். “கையில இருந்து கட்ட வேணாம், லோன்லயே சேர்த்துடலாம்” என்பார்கள். சேர்த்தால் அதற்கும் 20 ஆண்டு வட்டி ஓடும், முடிவில் அதன் விலை 1.87 லட்சம். காப்பீடு அவசியம்தான். ஆனால் அவர்கள் நீட்டும் பாலிசியையே எடுக்க வேண்டும் என்று சட்டம் இல்லை. சாதாரண டேர்ம் பாலிசி என்ன விலை என்று விசாரித்துவிட்டு முடிவெடுங்கள்.

இன்னொன்று, வீடு கட்டிக்கொண்டிருக்கும் காலத்து வட்டி. பேஸ்மென்ட், லிண்டல், ரூஃப் என்று கட்டம் கட்டமாகப் பணம் வரும்போது, வந்த பணத்துக்கு மட்டும் வட்டி கட்டச் சொல்வார்கள். சராசரியாக 15 லட்சம் 18 மாதம் நின்றால் 1.91 லட்சம். இதில் அசல் ஒரு ரூபாய்கூடக் குறையாது, அதே சமயம் வாடகையும் கொடுத்துக்கொண்டிருப்பீர்கள். கொத்தனார் தாமதம் செய்யும் ஒவ்வொரு மாதமும் வட்டிக் கணக்கில் ஏறும்.

படி 6: முன்கூட்டிக் கட்டும் கணக்கைப் போடுங்கள்

மாறும் வட்டியில் தனிநபர் வாங்கிய வீட்டுக்கடனை முன்கூட்டிக் கட்டினால் வங்கி அபராதம் வசூலிக்கக் கூடாது. நிலையான வட்டிக் கடனுக்கு அபராதம் இருக்கலாம், ஒப்பந்தத்தைப் படித்துக்கொள்ளுங்கள்.

எப்போது கட்டுகிறோம் என்பதில்தான் பலன் இருக்கிறது. நம் 30 லட்சக் கடனில் முதல் ஆண்டு முடிவில் ஒரு லட்சம் கட்டினால் கடைசியில் சுமார் 18 தவணை குறையும். அதே ஒரு லட்சத்தை 15ஆம் ஆண்டு முடிவில் கட்டினால் ஆறு தவணைகூடக் குறையாது.

ஆண்டுக்கு ஒரே ஒரு தவணை கூடுதலாக, தீபாவளி போனஸிலோ சீட்டு எடுத்த பணத்திலோ கட்டினால், 20 ஆண்டுக் கடன் 16 ஆண்டு 9 மாதத்தில் முடிந்துவிடும். மிச்சம் 6 லட்சத்துக்கு மேல். படி 2-இல் கோடு போட்ட அந்த இடத்தையும் பத்தாவது ஆண்டிலேயே தாண்டிவிடலாம். பணம் கட்டும்போது “தவணை குறைய வேண்டாம், காலம் குறையட்டும்” என்று எழுதிக் கொடுங்கள். அடுத்த மாத ஸ்டேட்மென்டில் அது நடந்திருக்கிறதா என்று பாருங்கள்.

ஆனால் கையிருப்பு எல்லாவற்றையும் துடைத்துக் கட்டாதீர்கள். ஆறு மாதச் செலவுக்கான பணம் தனியாக இருக்கட்டும். கிரெடிட் கார்டு பாக்கியோ நகைக்கடனோ இருந்தால், வட்டி அதிகமான அதைத்தான் முதலில் அடைக்க வேண்டும்.

படி 7: மறுபக்கத்தையும் நேர்மையாகப் பாருங்கள்

62 லட்சம் என்று பயமுறுத்திவிட்டு நிறுத்துவது முழுக் கணக்கு ஆகாது. இருபது ஆண்டு கழித்துக் கட்டும் 26,035 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு இருக்காது. பணவீக்கம் ஆண்டுக்கு 5 சதவீதம் என்று கொண்டால், 240 தவணைகளின் இன்றைய மதிப்பு ஏறக்குறைய 39.8 லட்சம். மிச்சமாகும் வாடகையையும் வரவில் எழுத வேண்டும்.

வரிச் சலுகையைப் பொறுத்தவரை, பழைய வரி முறையில் இருப்பவர் சொந்தக் குடியிருப்புக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை வட்டியைக் கழித்துக்கொள்ளலாம். புதிய வரி முறையில் சொந்தக் குடியிருப்புக்கு அந்தக் கழிவு இல்லை. “டாக்ஸ் மிச்சமாகும்” என்று சொல்லிக் கடன் வாங்கும் முன், நீங்கள் எந்த முறையில் இருக்கிறீர்கள் என்று பாருங்கள்.

படி 8: கையெழுத்துக்கு முன்னும், கடைசித் தவணைக்குப் பின்னும்

2024 அக்டோபர் முதல், புதிய கடன்களுக்கு முக்கியத் தகவல் அறிக்கை ஒன்றை வங்கிகள் தர வேண்டும். கட்டணங்களையும் சேர்த்த ஆண்டு வட்டி விகிதம், ஏ.பி.ஆர். என்ற பெயரில் அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது விளம்பர வட்டியை விட்டுவிட்டு இந்த எண்ணை ஒப்பிடுங்கள்.

கடன் ஓடும்போது ஆண்டுக்கு ஒரு நாள், ஏப்ரலில் ஸ்டேட்மென்ட் எடுத்து மூன்று எண்களை நோட்டில் எழுதுங்கள்: பாக்கி அசல், இன்றைய வட்டி, மீதி மாதங்கள். போன ஆண்டைவிட மாதங்கள் 12-க்குக் குறைவாகக் குறைந்திருந்தால் உடனே வங்கிக்குப் போங்கள். புது வாடிக்கையாளருக்கு உங்களைவிடக் குறைந்த வட்டி கொடுத்தால், “எனக்கும் மாற்றித் தர முடியுமா, கட்டணம் எவ்வளவு?” என்று கேளுங்கள்.

முழுக்க அடைத்தபின் 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும். தாமதத்துக்கு வங்கியே காரணம் என்றால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு உண்டு. பத்திரம் கைக்கு வந்ததும் சார்பதிவாளர் அலுவலகத்தில் ரசீது ஆவணத்தைப் பதிந்து, வில்லங்கச் சான்றிதழ் போட்டுப் பாருங்கள். கடன் தீர்ந்த விவரம் அதில் ஏறினால்தான் வேலை முடிந்தது.

அன்று மாலை மைத்துனர் கிளம்பும்போது வீட்டை வாங்கும் முடிவை மாற்றவில்லை. காப்பீட்டைக் கடனில் சேர்க்க வேண்டாம் என்று மட்டும் சொல்லப்போவதாகச் சொன்னார். அட்டவணையை மடிக்கும் முன் 143ஆவது வரியில் பென்சிலால் ஒரு கோடு போட்டார். பிறகு கொஞ்சம் யோசித்து, அதைவிட இரண்டு ஆண்டு மேலே, 120ஆவது வரியில் இன்னொரு கோடு.

“இது பாங்க்கோட கணக்கு. இது என்னோட கணக்கு மச்சான்” என்றார்.