குழந்தைக்கு ஸ்ட்ரோலர் வாங்குகிறீர்களா?

நிறத்தையும் பொம்மைப் படத்தையும் விடுங்கள். முதலில் சக்கரத்தைப் பாருங்கள். கடையின் டைல்ஸ் தரையில் எல்லா வண்டியும் வழுக்கிக்கொண்டுதான் ஓடும். நம் தெருவின் ஜல்லியிலும் வேகத்தடையிலும் சின்ன பிளாஸ்டிக் சக்கரம் சிக்கி நின்றுவிடும். கொஞ்சம் பெரிய ரப்பர் சக்கரமே தோது.

தலை நிற்காத பச்சைக் குழந்தைக்கு முதுகுப் பலகை முழுதாகச் சாய்ந்து படுக்கையாக வேண்டும். பெல்ட், இரு தோள், இரு இடுப்பு, கால் நடுவே என 5 இடத்தில் பிடிக்கட்டும். இடுப்புப் பட்டை மட்டும் போதாது; துறுதுறு பிள்ளை எழுந்து நின்றுவிடும்.

கடையிலேயே ஒரு கையால் மடித்துப் பாருங்கள். மற்ற கையில்தான் குழந்தை இருக்குமே! லிஃப்ட் இல்லாத வீடென்றால் தூக்கியும் பாருங்கள். மடிக்கும்போது பிஞ்சு விரல் கீலில் சிக்காமல் கவனம்.

கைப்பிடியில் காய்கறிப் பை மாட்டாதீர்கள். குழந்தையைத் தூக்கியதும் வண்டி பின்னால் சாயும். வெயிலுக்காக மேலே துண்டு போர்த்தினால் காற்றோட்டமின்றி உள்ளே புழுங்கும். பிரேக் இரு பின்சக்கரத்தையும் பிடிக்கிறதா, துணி உறை கழற்றித் துவைக்க வருமா என்றும் கேட்டுவிடுங்கள். பால் கக்காத குழந்தை ஏது?