சான்றிதழின் சதவிகிதமும் தொழிலின் நஷ்டமும்

முசிறியிலிருந்து குளித்தலைக்குக் காவிரிப் பாலத்தின் வழியாகவும், திருச்சிக்கும் நாமக்கல்லுக்கும் பெருஞ்சாலை வழியாகவும் நம் அங்கத்தினர்கள் நூலும் துணியும் வாழைத்தாரும் ஏற்றிக்கொண்டு சென்று வருகின்றனர். அவ்வழியில் மோட்டார் வண்டி மோதிக் கால் முறிந்தவர் நஷ்ட ஈடு கோரும்பொழுது, வைத்தியர் அளித்த சான்றிதழில் “30 சதவிகித ஊனம்” என்று கண்டிருந்தால், அந்த எண்ணே தமது நஷ்டத்தின் அளவு என்று எண்ணிவிடுகிறார். அது தவறு. அத்தவறினால் அவருக்குச் சேரவேண்டிய தொகையில் பாதிகூடக் கைவிட்டுப் போகலாம்.

சான்றிதழ் கூறுவது பெரும்பாலும் ஓர் உறுப்பின் ஊனத்தை. தீர்ப்பாயம் அறிய வேண்டுவதோ, அந்த ஊனத்தால் இம்மனிதர் பொருளீட்டும் திறனில் எவ்வளவு இழந்தார் என்பதை. இவ்வேறுபாட்டை உச்ச நீதிமன்றம் 2010 அக்டோபர் 18ஆம் தேதி அளித்த தீர்ப்பில் தெளிவாக வகுத்தது. பாலாடைக்கட்டி விற்பவர் ஒருவரின் வழக்கு அது. இடக்காலில் 45 சதவிகித ஊனம் எனச் சான்றிதழ் இருந்தும், வருவாய்த் திறனில் இழப்பு 20 சதவிகிதமே என நீதிமன்றம் கொண்டது. இதே அளவுகோல் மறுபுறமும் செல்லும். தச்சரோ வண்டியோட்டியோ இடக்கையை இழந்தால் நஷ்டம் ஏறத்தாழ முழுமையானது. உத்தியோகத்தில் உள்ள குமாஸ்தாவுக்கு அவ்வாறன்று என்றும் அத்தீர்ப்பு எடுத்துக் காட்டியது.

நம் தொழிலுக்கு வருவோம். குழித்தறியில் அமர்பவருக்குக் கால்தான் மிதிகட்டையை இயக்குவது. முழங்கால் மடங்காவிடில் அவர் குழியில் இறங்கி அமர்வதே அரிது. கொடிக்காலில் ஏணியேறிக் கொடி கட்டுபவரின் நிலையும் அத்தகையதே. 42 வயதுள்ள நெசவாளர் ஒருவர் மாதம் 9,000 ரூபாய் ஈட்டுகிறார் என்று கற்பனையாக வைத்துக்கொள்வோம். ஆண்டு வருவாய் 1,08,000. 2009இல் உச்ச நீதிமன்றம் ஏற்ற அட்டவணைப்படி அவ்வயதுக்குப் பெருக்கெண் 14. இழப்பு 30 சதவிகிதம் எனில் 4,53,600 ரூபாய். 60 சதவிகிதம் எனில் 9,07,200 ரூபாய். வைத்தியச் செலவு, படுத்திருந்த காலத்தின் கூலி, வலிக்கும் வேதனைக்குமான தொகை யாவும் இதற்குப் புறம்பானவை.

“உட்கார்ந்து வேறு வேலை செய்யலாமே” என்று எதிர்த்தரப்பில் கூறுவர். கால் துண்டிக்கப்பட்ட கைவண்டி இழுப்பவர் ஒருவரின் வழக்கில் இவ்வாதம் 2012இல் உச்ச நீதிமன்றத்தின் முன் வந்தது. வெறும் ஊகத்தால் தொகையைக் குறைத்தல் ஆகாது என்று கூறி, 90 சதவிகித இழப்பை நீதிமன்றம் ஏற்றது.

இவற்றை எவ்விதம் நிரூபிப்பது? முதலில், ஆஸ்பத்திரியின் விபத்துப் பதிவேட்டில் எழுதப்படும் முதற்குறிப்பு. மயங்கிக் கிடப்பவரை அழைத்துச் செல்லும் உறவினர் பதற்றத்தில் “வண்டியிலிருந்து விழுந்தார்” என்று மட்டும் சொல்லிவிட்டால், மோதிய லாரியைப் பற்றிய பேச்சே அதில் இராது. பின்னர் எத்தனை சாட்சி கூறினும் அவ்வரியைக் காட்டியே எதிர்த்தரப்பார் வாதிடுவர். ஆகையால் நடந்ததை நடந்தபடி, எந்த வண்டி எவ்வாறு மோதியது என்பதோடு, அப்பொழுதே கூறவேண்டும். காயச் சான்றிதழ், எக்ஸ்ரே, மருந்துச் சீட்டு, ரசீது யாவையும் பத்திரப்படுத்துக. வருமானத்துக்குச் சங்கத்தின் கூலிப் புத்தகம் நல்ல சான்று. அதில் மாதந்தோறும் பதியாமல் விட்டவர் இப்பொழுதேனும் பதியச் செய்துகொள்வாராக.

2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்த திருத்தப்படி, மனுவை விபத்து நடந்த ஆறு மாதத்துக்குள் தாக்கல் செய்யவேண்டும். இத்திருத்தம் வழக்குக்கு உள்ளாகியிருப்பினும் அதை நம்பித் தாமதித்தல் வேண்டாம். தாம் குடியிருக்கும் எல்லைக்குரிய தீர்ப்பாயத்திலேயே மனுச் செய்ய இடமுண்டு.

இனி வைத்தியர். சான்றிதழைக் கொடுத்துவிட்டால் மட்டும் அது நிரூபணமாகாது. சிகிச்சை செய்த அல்லது பரிசோதித்த வைத்தியர் சாட்சி கூறிக் குறுக்கு விசாரணைக்கு உட்பட வேண்டும் என்று மேற்கூறிய 2010ஆம் ஆண்டுத் தீர்ப்பே கூறுகிறது. நோயாளிகளை விட்டு நாள் முழுதும் காத்திருக்க வைத்தியர்கள் தயங்குவது இயல்பு. அதையும் உணர்ந்தே, அவர்களுக்குக் குறித்த நேரம் ஒதுக்கலாம் என்றும், கமிஷனர் மூலம் சாட்சியம் பதியலாம் என்றும் நீதிமன்றம் வழிகாட்டியுள்ளது. இவ்வசதியைக் கேட்டு மனுச் செய்யும்படி வக்கீலிடம் சொல்லுங்கள். பரிசோதனைக்குச் செல்லும்பொழுது “நான் குழித்தறி நெய்பவன், காலால் மிதித்துத்தான் வேலை” என்பதை வைத்தியருக்கு விளக்குங்கள், உங்கள் முழங்கால் எவ்வளவு மடங்குகிறது என்பதை அவர் அளந்து எழுதும் அந்தத் தாளில் உங்கள் தொழிலின் பெயரும் இடம் பெறட்டும்.