திதியை எழுதித் தருபவர்கள்

ஊத்துக்கோட்டையைத் தாண்டினால் சுருட்டப்பள்ளி. ஆலகால விஷம் உண்ட ஈசன், அம்பாள் மடியில் தலைசாய்த்துப் பள்ளிகொண்ட தலம். பிரதோஷத்துக்கு இங்கே கூட்டம் அலைமோதும். அந்த நாளை நமக்குக் குறித்துத் தருபவர்கள் பஞ்சாங்கக் கணிதர்கள்.

சூரியனை விட்டுச் சந்திரன் 12 பாகை விலகிச் செல்லும் நேரமே ஒரு திதி. சந்திரனின் வேகம் ஒரே சீராக இராது. ஆகவே திதி சுமார் 19 மணி நேரத்திலும் முடியலாம், 26 மணி வரையும் நீளலாம். காலையில் துவாதசியாக இருந்தாலும், சூரியன் மறையும் வேளையில் திரயோதசி இருந்தால் அன்றுதான் பிரதோஷம்!

பழைய வாக்கியங்களைக் கொண்டு கணிப்பது வாக்கியப் பஞ்சாங்கம். வானில் காண்பதோடு ஒத்துப்பார்த்துத் திருத்தியது திருக்கணிதம். சென்னை வானாய்வுக் கூடத்தில் பணியாற்றி, 1867-ல் ஒளி மாறும் நட்சத்திரம் ஒன்றைக் கண்டறிந்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி, திருக்கணித முறையில் பஞ்சாங்கம் வெளியிட்டவர். ஆச்சாரமும் தொலைநோக்கியும் அவரிடம் சண்டை போடவில்லை!

இரு பஞ்சாங்கங்களுக்கும் திதி மணிக்கணக்கில் மாறுவதுண்டு. விரதம் இருந்து, பஸ் ஏறிப் போய், பிரதோஷம் நேற்றே முடிந்தது என்றால் மனசு என்ன பாடுபடும்? வீட்டுத் தினசரி காலண்டரை மட்டும் நம்பாமல், கோயிலில் எந்த நாள் என்று கேட்டுக்கொண்டு கிளம்புங்கள்.