ஆசிரியர் ரகீமும் இந்தியக் காற்பந்தும்



மாலை நேரத்தில் பள்ளித் திடலில் நீங்கள் பந்தாடுவதை நாள்தோறும் காண்கிறேன். பந்து கிடைத்தவன் அதைப் பிறருக்குக் கொடுப்பதே இல்லை. எல்லாரையும் தானே ஏய்த்துக் கோல் போட எண்ணுகிறான். பாதி வழியில் பறிகொடுத்து நிற்கிறான். இதே குறையை ஐதராபாத் நகரில் ஓர் ஆசிரியரும் கண்டார். 1909ஆம் ஆண்டு பிறந்த அவர் பெயர் சையது அப்துல் ரகீம்.

அவர் கண்ட மருந்து எளியது. பந்தைக் காலில் வைத்துக்கொண்டு ஓடுதல் கூடாது. வந்த பந்தை உடனே தோழனுக்குத் தட்டிவிட வேண்டும். இவ்விதியுடன் போட்டிகள் நடத்தினார். பழக்கமில்லாத காலால் மட்டுமே உதைக்க வேண்டும் என்ற போட்டியும் உண்டு. அவரிடம் பயின்ற ஐதராபாத் நகரக் காவற்படைக் குழு, 1950 முதல் 1954 வரை ஐந்தாண்டுகள் தொடர்ந்து ரோவர்ஸ் கிண்ணத்தை வென்றது.

1950இல் ரகீம் இந்தியக் குழுவின் பயிற்றுநரானார். மறு ஆண்டே புது தில்லியில் நடந்த முதலாவது ஆசிய விளையாட்டுப் போட்டியில், ஈரானை 1–0 என வென்று இந்தியா தங்கம் பெற்றது. ஆனால் 1952 எல்சிங்கி ஒலிம்பிக்கில் நிகழ்ந்தது என்ன? குளிர் மிகுந்த அந்நாட்டில் ஆட்டக்காரர் பலர் வெறுங்காலுடன் ஆடி, யூகோசுலாவியாவிடம் 10–1 எனத் தோற்றனர். பத்துக் கோல் வாங்கிய குழுவின் பயிற்றுநரை இக்காலத்தில் மறுநாளே வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள்! அதன்பின் இந்திய ஆட்டக்காரர்கள் காலணி அணிவது கட்டாயமாயிற்று. நான்கே ஆண்டுகளில், 1956 மெல்பர்ன் ஒலிம்பிக்கில், ஆஸ்திரேலியாவை அதன் மண்ணிலேயே 4–2 என வென்றனர். நெவில் டிசோசா மூன்று கோல் போட்டார். ஒலிம்பிக் காற்பந்தில் அரையிறுதிக்குச் சென்ற முதல் ஆசிய நாடு என்னும் பெருமையுடன் இந்தியா நான்காம் இடம் பெற்றது.

1962இல் ஜகார்த்தா ஆசியப் போட்டிக்குச் சென்றபோது ரகீமின் உடலைப் புற்றுநோய் அரித்துக்கொண்டிருந்தது. முதல் ஆட்டத்திலேயே தென் கொரியாவிடம் 2–0 எனத் தோல்வி. தாய்லாந்துடன் ஆடுகையில் தற்காப்பாளர் ஜர்னைல் சிங்கின் தலை உடைந்து தையல் போட நேர்ந்தது. வேறொருவராயின் அவரை உட்கார வைத்திருப்பார். ரகீமோ அவரை அரையிறுதியில் தாக்குதல் வரிசையின் நடுவில் நிறுத்தினார்! தென் வியட்நாமை 3–2 என வென்ற அவ்வாட்டத்தில் ஜர்னைல் ஒரு கோல் போட்டார்.

செப்டம்பர் 4ஆம் நாள் இறுதியாட்டம். எதிரே மீண்டும் தென் கொரியா. இஸ்ரேலும் தைவானும் விலக்கப்பட்டதை இந்திய அதிகாரி ஒருவர் கண்டித்திருந்தமையால், அரங்கில் கூடிய பெருங்கூட்டம் இந்தியருக்கு எதிராகவே கூச்சலிட்டது. முந்திய இரவு ரகீம் தம் ஆட்டக்காரர்களிடம் தங்கப் பதக்கத்தையே பரிசாகக் கேட்டாராம். பி. கே. பானர்ஜி ஒரு கோல், தலையில் தையலோடு ஜர்னைல் ஒரு கோல். 2–1 என இந்தியா வென்றது. நம் மலாயாக் குழு அதே போட்டியில் வெண்கலம் பெற்றதைப் பெற்றோரில் மூத்தவர்கள் அறிந்திருப்பர்.

1963 ஜூன் 11ஆம் நாள் ரகீம் மறைந்தார். ஆசிய விளையாட்டுக் காற்பந்தில் இந்தியா அதன்பின் தங்கம் வென்றதில்லை.

அடுத்த ஆண்டு நம் பள்ளி இல்லங்களுக்கிடையே நடக்கும் போட்டியில் ஓர் ஆட்டம் ரகீமின் விதிப்படி நடைபெறும். பந்தைத் தட்டிவிடாமல் ஓடுபவனுக்கு நானே ஊதல் ஊதுவேன்.