ரிட் போட்டால் லைசென்ஸ் வராது, பதில்தான் வரும்

“ஹைகோர்ட்ல ஒரு ரிட் போடுங்க சார், லைசென்ஸ் தானா வந்துடும்.” ஆம்பூர் டீக்கடையிலிருந்து பேரணாம்பட்டு ஷூ பட்டறை வரைக்கும் இதே பேச்சு. கேட்டுக் கேட்டுக் காது புளித்துவிட்டது. தோல் கிடங்குக்குத் தொழில் உரிமம் கேட்டு நகராட்சியில் மனு போட்டு, மாதக்கணக்கில் பதில் வராமல் காய்ந்து கிடப்பவரிடம் இப்படிச் சொல்லி அனுப்புகிறார்களே, அவர்களைத்தான் முதலில் உட்காரவைத்துப் பாடம் நடத்த வேண்டும்.

அரசியல் சாசனத்தின் 226-ஆவது பிரிவில் நீங்கள் கேட்பது மாண்டமஸ். அதிகாரி தன் கடமையைச் செய்யட்டும் என்கிற ஆணை. ஆணையரின் கடமை என்ன? உங்கள் மனுமீது முடிவெடுப்பது. உரிமம் கொடுத்தே தீர வேண்டும் என்பதல்ல. ஆகவே பெரும்பாலும் வரும் உத்தரவு இவ்வளவுதான்: ‘மனுவைத் தகுதி அடிப்படையில், சட்டப்படி பரிசீலித்து, இத்தனை வாரத்துக்குள் முடிவு செய்க.’ கெடுவின் கடைசி நாளில் ‘நிராகரிக்கப்படுகிறது’ என்று கையெழுத்துப் போட்டாலும் ஆணையர் உத்தரவுக்குக் கீழ்ப்படிந்தவரே. வெறுமனே பரிசீலிக்கச் சொல்வதால் மனுதாரரின் உரிமையை நீதிமன்றம் ஏற்றதாகாது என்பதை உச்ச நீதிமன்றம் 2006-லேயே ஆந்திர அரசுப் போக்குவரத்துக் கழக வழக்கில் விளக்கிவிட்டது. கெடு தாண்டியும் ஆணையர் வாய் திறக்காவிட்டால்தான் அவமதிப்பு மனு. அதையும் ஓராண்டுக்குள் போட வேண்டும்.

அப்படியானால் ரிட் வீணா? யார் சொன்னது? காரணம் எழுதித் தள்ளினால் அந்தக் காரணத்தோடு மல்லுக்கட்டலாம். இப்போது கிணற்றில் போட்ட கல்லாகக் கிடக்கும் கோப்போடு என்ன செய்வீர்கள்? வக்கீலிடம் சொல்லி, ‘நேரில் கேட்டு, காரணங்களோடு’ முடிவெடுக்க வேண்டும் என்பதையும் கோரிக்கையில் சேர்க்கச் சொல்லுங்கள்.

அதிலும் நம் வட்டாரத்தில், நீதிமன்றமே உரிமத்தைத் தூக்கிக் கொடுக்கும் என்று நம்பத் தனித் துணிச்சல் வேண்டும். வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கில், 1996 ஆகஸ்ட் 28 அன்று, வட ஆற்காடு உள்ளிட்ட ஐந்து மாவட்டத் தோல் பதனிடும் ஆலைகள் ஒவ்வொன்றுக்கும் உச்ச நீதிமன்றம் 10,000 ரூபாய் அபராதம் போட்டது. சென்னை உயர் நீதிமன்றத்தில் பசுமை அமர்வையும் கேட்டது. 2025 ஜனவரி 30 அன்று பாலாற்று மாசு, இழப்பீடு என்று மறுபடியும் தீர்ப்பு. தோல் என்ற சொல் மனுவில் வந்தாலே இந்த வரலாறும் கூடவே வரும்.

“மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் நாலு மாசம் பேசலைன்னா இசைவு கிடைச்ச மாதிரி.” பாதி உண்மை. 1974 தண்ணீர்ச் சட்டம் 25(7) அப்படித்தான் சொல்கிறது, ஆனால் எல்லா வகையிலும் முழுமையான விண்ணப்பத்துக்கு மட்டும். நகராட்சி உரிமம் வேறு சமாச்சாரம்.

“மதுரைக் கிளையில சீக்கிரம் முடியும்.” வேலூர், ராணிப்பேட்டை, திருப்பத்தூருக்குச் சென்னைதான்.

“சி.எம். தனிப்பிரிவுக்கு எழுதியாச்சே.” எழுதுங்கள். உரிமம் தருகிற அதிகாரியிடம் கொடுத்த மனுதான் வழக்கில் பேசும்.

அந்த மனுவின் நகலில் தேதி முத்திரை வாங்கினீர்களா? அங்கேதான் பாதிப் பேர் கோட்டை விடுகிறார்கள். முத்திரை இல்லாமல் தாமதத்தை எந்த நாளிலிருந்து எண்ணுவது? பிறகு பதிவுத் தபாலில் நினைவூட்டல். கோப்பு யார் மேசையில், எந்தத் தேதியிலிருந்து என்று தகவல் உரிமைச் சட்டத்தில் கேளுங்கள். பொதுவாக 30 நாளில் பதில் தர வேண்டும்.

ஓசூர் தாண்டினால் கர்நாடகத்தில் 2011-ஆம் ஆண்டின் சகாலா சேவை உறுதிச் சட்டம் இருக்கிறது. பட்டியலிட்ட சேவை தாமதமானால் நாளொன்றுக்கு 20 ரூபாய், அதிகபட்சம் 500, விண்ணப்பதாரருக்கு. அதை அதிகாரியின் சம்பளத்தில் பிடிக்கலாம். தோல் தொழில் சங்கங்கள் ஒவ்வொரு பட்ஜெட்டுக்கும் வரிச்சலுகை கேட்டுச் சென்னைக்குப் போகின்றனவே, அடுத்த முறை அந்த 20 ரூபாயையும் கேட்டுவிட்டு வரட்டும்.