ஓட்டமே பிழைப்பு என்று முடிவெடுத்த பெண்ணுக்கு

5,000 மீட்டரோ 10,000 மீட்டரோ மாரத்தானோ, இனி இதுதான் என் வேலை என்று நீங்கள் முடிவெடுத்தால் உங்களைச் சுற்றி ஒரு கூட்டம் சேர்ந்துவிடும். கோச், ஏஜென்ட், பிசியோ, ஸ்பான்சர், சொந்தக்காரர்கள். அவர்களில் பலர் நல்லவர்கள்தான். ஆனாலும் டோப் டெஸ்ட்டில் மாட்டினால் தடை உங்கள் பெயரில்தான் வரும். எலும்பில் விரிசல் விட்டால் அது உங்கள் கால். ஒப்பந்தத்தின் அடியில் இருப்பது உங்கள் கையெழுத்து. அதனால் இதில் எதையும் "கோச் பார்த்துப்பார்" என்று விட்டுவிடாதீர்கள்.

செய்யுங்கள்

1. மாதவிடாய்த் தேதியைப் பயிற்சி டைரியிலேயே எழுதுங்கள். கிலோமீட்டரும் டைமிங்கும் எழுதும் அதே பக்கத்தில். மூன்று மாதம் வரவில்லை என்றால் "கடுமையா பிராக்டிஸ் பண்றேன், அதான்" என்று தேற்றிக்கொள்ள வேண்டாம். அந்த வாரமே மகளிர் மருத்துவரைப் பாருங்கள். ஓடும் ஓட்டத்துக்குச் சாப்பாடு போதவில்லை என்பதை உடம்பு பெரும்பாலும் இப்படித்தான் தெரிவிக்கும். ஈஸ்ட்ரோஜன் குறையும், எலும்பு மெலியும், அப்புறம் ஷின் எலும்பிலோ இடுப்பிலோ ஸ்ட்ரெஸ் ஃபிராக்சர். 2014இல் சர்வதேச ஒலிம்பிக் கமிட்டி இதற்கு ரெட்-எஸ் என்று பெயர் வைத்தது. அமெரிக்காவின் மேரி கெய்ன் 17 வயதில் உலகப் போட்டிக்குப் போனவர். எடையைக் குறை, குறை என்று சுற்றியிருந்தவர்கள் நெருக்கியதில் மூன்று வருடம் மாதவிடாய் நின்றுபோனது, ஐந்து எலும்புகள் உடைந்தன என்று 2019இல் அவரே சொன்னார். அவர் இருந்த அத்தனை பெரிய பயிற்சி முகாமிலேயே அந்தப் பெண்ணைக் காப்பாற்ற ஆள் இல்லை.

2. ரத்தப் பரிசோதனையில் ஹீமோகுளோபினோடு ஃபெரிட்டினையும் கேட்டு வாங்குங்கள். சேமிப்பில் இருக்கும் இரும்புச்சத்து காலியான பிறகும் ஹீமோகுளோபின் கொஞ்ச நாள் நார்மலாகவே காட்டும். உங்களுக்கோ கால் மட்டும் கனக்கும். கீரையும் ஈரலும் சாப்பிட்ட கையோடு டீ குடிக்காதீர்கள், எலுமிச்சை பிழிந்துகொள்ளுங்கள்.

3. ஊக்கமருந்துச் சோதனைப் பட்டியலில் உங்கள் பெயர் இருந்தால், வேர்அபௌட்ஸ் விவரத்தை நீங்களே நிரப்புங்கள். காலை 5 மணியிலிருந்து இரவு 11க்குள் தினமும் ஒரு மணி நேரம், எங்கே இருப்பீர்கள் என்று சொல்லியாக வேண்டும். 12 மாதத்தில் மூன்று முறை தவறினால், ஊக்கமருந்தே தொடாதவருக்கும் இரண்டு வருடம் வரை தடை. குலதெய்வம் கோயிலில் கிடா வெட்டு என்று கிளம்பினாலும் பஸ்ஸில் உட்கார்ந்தபடியே முகவரியை மாற்றுங்கள். காலிங் பெல் அடிக்கிறதா என்று இன்றைக்கே பாருங்கள். வருகிற அதிகாரி உங்களுக்குப் போன் செய்ய வேண்டிய கட்டாயம் இல்லை.

4. எந்த டாக்டரிடம் போனாலும் "எனக்கு டோப் டெஸ்ட் உண்டு" என்று முதலில் சொல்லுங்கள். பிசிஓடிக்கும் குழந்தைப்பேறு சிகிச்சைக்கும் சாதாரணமாக எழுதித் தரும் லெட்ரோசோல், குளோமிஃபீன் இரண்டும் தடைப்பட்டியலில் இருக்கின்றன. மெடிக்கல் ஷாப்பில் கிடைக்கும் பல இருமல் சிரப்புகளில் டெர்புடலின் இருக்கிறது, அதுவும் தடை. மருந்து தவிர்க்க முடியாதது என்றால், விலக்கு அனுமதிக்கு விண்ணப்பித்து, கையில் வந்த பிறகு சாப்பிடுங்கள்.

5. மாதவிடாயைத் தள்ளிப்போடும் மாத்திரை எடுத்தால் டோப் டெஸ்ட் படிவத்தில் எழுதுங்கள். கோயில் விசேஷத்துக்கு அக்கா போடும் அதே நோரெதிஸ்டிரோன்தான். தடை இல்லை. ஆனால் நான்ட்ரோலோன் என்ற தடைசெய்த ஊக்கமருந்தைக் காட்டும் அதே பொருள் இதிலிருந்தும் சிறுநீரில் தோன்றலாம். கூச்சப்பட்டு எழுதாமல் விட்டால் பின்னால் விளக்கிக்கொண்டிருக்க வேண்டிவரும்.

6. ஸ்பான்சர் ஒப்பந்தத்தில் கர்ப்பத்தைப் பற்றி ஒரு வரி எழுதச் சொல்லிக் கேளுங்கள். கல்யாணமே ஆகவில்லை என்றாலும் கேளுங்கள். 2010இல் குழந்தை பெற்ற அமெரிக்கர் காரா கௌச்சருக்கு, மறுபடி பந்தயத்தில் இறங்கும்வரை ஸ்பான்சர் நைக்கி சம்பளத்தை நிறுத்திவைத்தது. 2019இல் அவரும் இன்னொரு ஓட்டக்காரரான அலிசியா மொன்டானோவும் வெளியே வந்து பேசிய பிறகுதான், கர்ப்பத்தையொட்டி 18 மாதம் பணத்தைக் குறைப்பதில்லை என்று நைக்கி கொள்கையை மாற்றியது. பிள்ளை பெற்றால் ஓட்டம் முடிந்தது என்று உங்களிடம் யாராவது சொன்னால் கென்யாவின் ஃபெயித் கிப்யேகோன் பெயரைச் சொல்லுங்கள். 2018இல் மகள் பிறந்தாள். அதற்குப் பிறகு 1,500 மீட்டரில் இரண்டு ஒலிம்பிக் தங்கம்.

7. மாரத்தான் பாட்டில்களை உங்கள் கையால் கட்டி, உங்கள் கையால் ஒப்படையுங்கள். 5 கிலோமீட்டருக்கு ஒரு மேஜை. உங்கள் பாட்டில் இன்னும் பத்துப் பாட்டில்களுக்கு நடுவில் நிற்கும், நீங்கள் கிலோமீட்டருக்கு மூன்றரை நிமிட வேகத்தில் வருவீர்கள். பளீரென்ற டேப் சுற்றுங்கள். ஒரு விரல் நுழைந்தாலே தூக்கிக்கொள்ளும்படி கழுத்தில் கம்பி வளையம் கட்டுங்கள். 2016 ரியோ ஒலிம்பிக் மாரத்தானில் இந்தியாவின் ஓ.பி. ஜெய்ஷா எல்லைக்கோட்டைத் தாண்டியதும் மயங்கி விழுந்தார். நம் நாட்டு மேஜையில் தண்ணீர்கூட இல்லை என்றார் அவர். வேண்டாம் என்று வீராங்கனைகள்தான் சொன்னார்கள் என்றது தடகளக் கூட்டமைப்பு. இரண்டில் எது சரியாக இருந்தாலும், 42 கிலோமீட்டர் வெயிலில் காய்ந்தது அவர் தொண்டை.

8. டிகிரியை முடியுங்கள், ஒவ்வொரு சான்றிதழையும் ஸ்கேன் செய்து வையுங்கள். ரயில்வேயோ போலீஸோ, ஸ்போர்ட்ஸ் கோட்டா வேலைக்குக் காகிதம்தான் பேசும்.

செய்யாதீர்கள்

1. வீட்டில் இருக்கும் மாத்திரையை எடுத்துப் போடாதீர்கள். சிகாகோவில் 2024 அக்டோபரில் 2 மணி 9 நிமிடம் 56 விநாடியில் ஓடி, மாரத்தானில் 2:10க்குள் வந்த முதல் பெண் ஆனவர் ரூத் செப்ங்கெடிச். அடுத்த மார்ச்சில் எடுத்த சாம்பிளில் ஹைட்ரோகுளோரோதயசைடு. உடம்பு சரியில்லாதபோது வீட்டுப் பணிப்பெண்ணின் மாத்திரையைப் போட்டேன் என்றார். மூன்று வருடத் தடை. அந்த ஹைட்ரோகுளோரோதயசைடு நம் வீடுகளில் சர்வசாதாரணமான பிபி மருந்து. அம்மாவின் மாத்திரை அட்டையைத் திருப்பிப் பாருங்கள். பெயரின் கடைசியில் ஒரு 'எச்' ஒட்டிக்கொண்டிருந்தால் அநேகமாக அதுதான்.

2. அசதிக்கு டிரிப்ஸ் ஏற்றிக்கொள்ளாதீர்கள். பாட்டிலில் இருப்பது வெறும் குளுக்கோஸாக இருந்தாலும், 12 மணி நேரத்தில் 100 மில்லிக்கு மேல் நரம்பில் ஏற்றுவது ஊக்கமருந்து விதிப்படி குற்றம். ஆஸ்பத்திரியில் முறையான சிகிச்சையாக ஏற்றினால் மட்டும் விலக்கு. தெருமுனை கிளினிக்கில் "ஒரு பாட்டில் போட்டா தெம்பா இருக்கும்" என்பது அந்தக் கணக்கில் வராது.

3. ஜிம்மில் யாரோ தந்த பவுடரையும், பெயர் தெரியாத லேகியத்தையும் வாயில் வைக்காதீர்கள். டப்பாவில் எழுதாதது உள்ளே இருந்தாலும் பொறுப்பு உங்களுடையது. "கோச்தான் கொடுத்தார்" என்பது விசாரணையில் உங்களைக் காப்பாற்றாது.

4. எலும்பில் ஒரே இடத்தில், விரல் நுனியால் தொட்டுக் காட்டும்படி வலித்தால் அதன்மேல் ஓடாதீர்கள். அது தசைப்பிடிப்பு இல்லை என்று தெரியும்வரை நிறுத்துங்கள். இரண்டு வாரம் சைக்கிள் மிதிப்பதால் சீசன் போகாது. முழுசாக முறிந்தால் வருடமே போகும்.

5. மற்றவர்கள் முன்னால் எடை பார்க்க ஒப்புக்கொள்ளாதீர்கள். தட்டில் இருக்கும் சோற்றைப் பார்த்துக் கேலி செய்கிறவர் உங்கள் டைமிங்கைப் பற்றிக் கவலைப்படுகிறவர் இல்லை.

6. கோச் அறைக்கு மசாஜுக்கோ பேச்சுக்கோ தனியாகப் போகாதீர்கள். சிகிச்சை என்றால் கதவு திறந்திருக்கட்டும், கூட ஒருத்தி இருக்கட்டும். 2021இல் சென்னையிலேயே ஒரு தடகளப் பயிற்சியாளர் போக்சோ சட்டத்தில் கைதானார். அதன் பிறகு முன்னாள் மாணவிகள் பலரும் பேச வந்தார்கள். ஏற்கெனவே நடந்திருந்தால் தவறு உங்களுடையது இல்லை, ஒரு சதவீதம்கூட இல்லை. 181க்கு அழையுங்கள். 18 வயது ஆகாதவர் என்றால் 1098.

7. மருத்துவ அறிக்கையை யாருடைய வாட்ஸ்அப்புக்கும் அனுப்பிவிடாதீர்கள். பெண்கள் பிரிவில் உலகப் போட்டிக்குப் போக, 2025 செப்டம்பரிலிருந்து ஒரு மரபணுப் பரிசோதனை கட்டாயம். அதன் முடிவு உங்களுக்கும் மருத்துவருக்கும் அதைக் கேட்கிற அமைப்புக்கும் மட்டும் உரியது. 2006 தோஹா ஆசியப் போட்டியில் 800 மீட்டரில் வெள்ளி வென்ற புதுக்கோட்டை சாந்தியின் பாலினச் சோதனை முடிவு டிவி செய்தியாக ஓடியது. பதக்கம் பறிபோனதைவிட அது பெரிய கொடுமை என்றுதான் இன்றைக்கும் நினைக்கிறேன்.

8. கடையில் பார்த்த ஷூவை அப்படியே பந்தயத்துக்குப் போடாதீர்கள். ரோட்டில் அடிப்பாகத் தடிமன் 40 மில்லிமீட்டர் வரை, டிராக்கில் 20 வரை. தாண்டினால் ஓடிய ஓட்டம் வீண்.

9. பரிசுப் பணத்தையும் நிலத்தையும் அடுத்தவர் பெயரில் போடாதீர்கள். கணவரோ கோச்சோ அண்ணனோ, யாராக இருந்தாலும் சரி. ஏடிஎம் பின் நம்பர் உங்களிடம், பத்திரம் உங்கள் பெயரில். உகாண்டாவின் ரெபெக்கா செப்டெகி 2024இல் பாரிஸ் ஒலிம்பிக் மாரத்தான் ஓடினார். ஒரு மாதம்கூட ஆகவில்லை. முன்னாள் துணைவர் பெட்ரோல் ஊற்றிக் கொளுத்தியதில் இறந்தார். கென்யாவில் அவர் வாங்கி வீடு கட்டியிருந்த நிலத்தைப் பற்றித்தான் தகராறு. அதற்கு மூன்று வருடம் முன்பு, பெண்கள் மட்டுமே ஓடும் 10 கிலோமீட்டர் சாலை ஓட்டத்தில் உலக சாதனை படைத்த ஆக்னஸ் திரோப் ஒரே மாதத்தில் கென்யாவின் இட்டேனில் தன் வீட்டிலேயே குத்திக் கொல்லப்பட்டார், வழக்கு கணவர்மீது. உங்கள் பணத்துக்கு நீங்களே கணக்குக் கேட்டதும் ஒருவர் குரல் மாறினால், அன்றைக்கே அம்மாவிடமோ தோழியிடமோ வாய்விட்டுச் சொல்லுங்கள். கைமாத்தாவது வாங்கி அந்த வீட்டைவிட்டு வெளியே வாருங்கள்.

10. முப்பது வயதாகிவிட்டது என்று யாரோ சொன்னதற்காகக் கிட் பேக்கைப் பரணில் போடாதீர்கள். 2008 பெய்ஜிங் ஒலிம்பிக் மாரத்தானில் தங்கம் வாங்கிய ருமேனியாவின் கான்ஸ்டன்டினா டிட்டாவுக்கு அப்போது 38 வயது, வீட்டில் ஒரு மகன்.