எதிரி விடுதலையா? அப்பீலுக்கு எந்தக் கோர்ட்டு?

போலீஸ் வழக்கோ, செக் வழக்கோ, எதிரி விடுதலை என்று தீர்ப்பு வந்தால் மனசு ஆறாதுதான். அந்தக் கோபத்தில் கோர்ட்டு மாறிப் போட்டால் மனு திரும்பி வரும். ஃபீஸும் அலைச்சலும் தண்டம்.

1. தீர்ப்பின் முதல் பக்கத்தில் வழக்கு எண்ணைப் பாருங்கள். சி.சி., எஸ்.டி.சி. என்றிருந்தால் மாஜிஸ்திரேட் கோர்ட்டு, எஸ்.சி. என்றிருந்தால் செஷன்ஸ். பாதி வேலை அங்கேயே முடிந்தது.

2. நீங்கள் பாதிக்கப்பட்டவரா? எதிரிக்குத் தண்டனை கிடைத்திருந்தால் அவர் எங்கே அப்பீல் போயிருப்பாரோ, அங்கேதான் நீங்களும் போக வேண்டும். மாஜிஸ்திரேட் விட்டிருந்தால் மாவட்ட செஷன்ஸ் கோர்ட்டு, செஷன்ஸ் விட்டிருந்தால் ஐகோர்ட்டு.

3. பாதிக்கப்பட்டவர் அப்பீல் போட முன் அனுமதி வாங்கத் தேவையில்லை என்று 2018-லேயே சுப்ரீம் கோர்ட்டு சொல்லிவிட்டது. அனுமதி மனுவுக்கென்று யாராவது தனியாகப் பணம் கேட்டால், எதற்கு என்று ஒரு வார்த்தை கேளுங்கள். இந்த உரிமையைத் தரும் பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 372-வது பிரிவுதான் அதற்குப் பதிலாக வந்த புதிய சட்டத்தில் 413. வக்கீல் எந்த எண்ணைச் சொன்னாலும் குழம்ப வேண்டாம்.

4. செக் பவுன்ஸ் வழக்கில் தோற்றவர்கள் முன்பெல்லாம் ஐகோர்ட்டில் சிறப்பு அனுமதிக்குக் காத்துக் கிடந்தார்கள். பணம் வராமல் நிற்கிற புகார்தாரரும் பாதிக்கப்பட்டவர்தான் என்று 2025-ல் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்பளித்தது. இனி உள்ளூர் செஷன்ஸ் கோர்ட்டிலேயே போடலாம்; பஸ் செலவு மிச்சம்!

5. தனிப்புகார் கொடுத்தவர் நீங்கள், ஆனால் பாதிப்பு உங்களுக்கு இல்லை என்றால் பழைய வழிதான். 60 நாளுக்குள் ஐகோர்ட்டில் சிறப்பு அனுமதி கேட்க வேண்டும்; புகார் கொடுத்தவர் அரசு ஊழியர் என்றால் 6 மாதம் அவகாசம் உண்டு.

6. 'மகளிர் நீதிமன்றம்' என்ற பெயரை மட்டும் பார்த்து முடிவு செய்யாதீர்கள். செஷன்ஸ் அந்தஸ்தில் ஒன்று இருக்கும், மாஜிஸ்திரேட் அந்தஸ்தில் 'கூடுதல்' என்று இன்னொன்றும் இருக்கும். தீர்ப்புச் சொன்னவரின் பதவிதான் கணக்கு.

7. வன்கொடுமைத் தடுப்புச் சட்ட வழக்கில் சிறப்பு கோர்ட்டு விடுவித்தால் நேராக ஐகோர்ட்டுதான், கெடு 90 நாள்.

8. ஐகோர்ட்டு என்றதும் சென்னைக்கு டிக்கெட் போடாதீர்கள். தஞ்சாவூர், திருச்சி, கரூர் தொடங்கித் தென்மாவட்டங்கள் எல்லாம் மதுரைக் கிளை. பக்கத்திலேயே இருந்தாலும் திருவாரூரும் நாகப்பட்டினமும் சென்னை!

9. தீர்ப்பு வந்த அன்றே நகல் மனு போட்டுவிடுங்கள். நகல் தயாராகப் பிடிக்கும் நாள்கள் கெடுவில் சேராது, ஆனால் நீங்கள் மனு போடாமல் கடத்திய நாள்கள் சேரும். பாதிக்கப்பட்டவரின் அப்பீலுக்குச் சட்டம் கெடு எதுவும் குறிக்கவில்லைதான். அதற்காக ஆறப்போடாமல் 30 நாளுக்குள் முடிப்பது நல்லது.

10. கையில் காசில்லையா? ஜாமீனில் வெளிவர முடியாத பிரிவில் போலீஸ் போட்ட வழக்கை மாஜிஸ்திரேட் தள்ளியிருந்தால், செஷன்ஸில் அரசு வக்கீலை அப்பீல் போடச் சொல்லும் அதிகாரம் கலெக்டருக்கு உண்டு. திங்கள்கிழமை குறைதீர் நாளில் தீர்ப்பு நகலோடு ஒரு மனு கொடுத்துப் பாருங்கள்.

11. பெண்கள், குழந்தைகள், பட்டியல் சாதியினர், பழங்குடியினருக்கு வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச வக்கீல் உண்டு. கோர்ட்டு வளாகத்திலேயே இருக்கும் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள், அல்லது 15100-க்கு போன் போடுங்கள். அழைப்புக்குக் கட்டணம் கிடையாது.